ஒரே சோதனை தீர்ப்பாகாது

ஆசாரிபள்ளம் அரசு மருத்துவமனையின் நம்பிக்கை மையத்தில் முதல் எச்.ஐ.வி. சோதனை 'பாசிட்டிவ்' காட்டினாலும் உடனே முடிவு சொல்லமாட்டார்கள். வெவ்வேறு வகையான 3 சோதனைகள் ஒத்துப்போக வேண்டும். காரணம் எளிய கணக்கு. 1000 பேரில் 2 பேருக்கே தொற்று என்று வையுங்கள். நூற்றுக்கு ஒன்று பிசகும் சோதனை, தொற்றில்லாத 10 பேரையும் சேர்த்துக் காட்டிவிடும். பன்னிரண்டில் இரண்டுதான் மெய்! 1986-இல் சென்னையில் மருத்துவர்கள் சுனிதி சாலமனும் நிர்மலாவும் இந்தியாவின் முதல் தொற்றுகளைக் கண்டபோதும் மறுசோதனைக்குப் பிறகே உறுதியானது.

"அப்படியானால் முதல் சோதனை எதற்கு?" என்பீர்கள். குளச்சல் மீனவரைக் கேளுங்கள்: வலைக்கண் சிறிதாக இருந்தால்தான் மீன் தப்பாது, வேண்டாததைக் கரையில் கழித்துக்கொள்ளலாம். ஆனால் தொற்றிய முதல் வாரங்களில் 'நெகட்டிவ்' என்பதும் முழு உறுதியல்ல. 3 மாதம் கழித்து மறுபடி பாருங்கள். சோதனை இலவசம். விவரத்துக்கு 1097.