அமெரிக்கக் குடியேற்றச் சட்டமும் நம் கல்லூரி நூலகமும்

(முன்னாள் மாணவர் சந்திப்பில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



மதியச் சாப்பாட்டுக்கு ஆம்பூர் பிரியாணி என்று அறிவித்துவிட்டார்கள். அண்டாவைத் திறப்பதற்குள் பேச்சை முடிச்சிடணும் என்று செயலாளர் எச்சரித்திருக்கிறார். ஆகவே நேரே விஷயத்துக்கு வருகிறேன்.

அமெரிக்காவில் இருக்கும் நம் பழைய மாணவர்கள் நூலகத்துக்கென்று ஒரு தொகை அனுப்பியிருக்கிறார்கள். என்ன புத்தகம் வாங்கலாம் என்று பட்டியல் போடும் வேலை என் தலையில் விழுந்தது. நான் கறுப்புக் கோட்டுப் போட்டுக் கோர்ட்டுக்குப் போய் வருகிறவன். பட்டியலில் பாதி அமெரிக்கக் குடியேற்றச் சட்டம். மீதி அங்குள்ள மெக்சிக்கோ வம்சாவளியினரின் வரலாறு, அவர்கள் பிள்ளைகளின் பள்ளிக்கூட வழக்குகள். கமிட்டியில் ஒரு நண்பர் கேட்டார்: "ஏம்ப்பா, நம்ம பசங்களுக்கு டி.என்.பி.எஸ்.சி. கைடு வாங்கிப் போடாம, மெக்சிக்கோக்காரன் கதை எதுக்கு?" நியாயமான கேள்விதான். கைடுக்குத் தனியாகப் பணம் ஒதுக்கியாச்சு. மெக்சிக்கோக்காரன் கதை எதற்கு என்பதற்குத்தான் இந்தப் பேச்சு.

நம்ம ஊருக்கும் அமெரிக்காவுக்கும் உள்ள உறவு கம்ப்யூட்டரோடு வந்தது என்று இளைஞர்கள் நினைக்கிறார்கள். ஆற்காடு மிஷன் 1853-இல் அமைந்தது. ஊரீசு கல்லூரி 1898-இல் கல்லூரி ஆனது. அதன் பெயரே ஓர் அமெரிக்க நன்கொடையாளர் குடும்பத்தின் பெயர். டாக்டர் ஐடா ஸ்கடர் 1870-இல் பிறந்தது நம்ம ராணிப்பேட்டையில். அமெரிக்காவில் மருத்துவம் படித்துவிட்டு 1900-இல் திரும்பி வந்தார். 1918-இல் பெண்களுக்கு மருத்துவப் பள்ளி தொடங்கினார். அது வளர்ந்து சி.எம்.சி. ஆன கதை உங்களுக்குத் தெரியும்.

இப்போ அந்த 1918-க்கு ஒரு வருஷம் முன்னால் போங்க. 1917 பிப்ரவரியில் அமெரிக்க காங்கிரஸ் ஒரு சட்டம் போட்டது. உலகப் படத்தில் கோடு இழுத்து, அதற்குள் இருக்கும் ஆசிய நாட்டார் குடியேற வரக்கூடாது என்றது. இந்தியா முழுசும் கோட்டுக்குள். மாணவர், மருத்துவர், பாதிரியார், வியாபாரி போன்ற சிலருக்கு விலக்கு உண்டு. உழைத்துப் பிழைக்கப் போகிறவனுக்கு வழி கிடையாது. அங்கிருந்து இங்கே வந்து ஆஸ்பத்திரி கட்டலாம், கல்லூரி கட்டலாம். இங்கிருந்து அங்கே போய் ஒரு மரமில்லில் வேலை பார்க்க முடியாது. ஐடா அம்மையார் மேல் குற்றமில்லை, அவர் புண்ணியவதி. ஆனால் பாதை ஒருவழிப் பாதையாக இருந்தது என்பது நம் சரித்திரப் புத்தகங்களில் இல்லை.

பாதை மூடுவதற்கு முன்பே போனவர்களில் ஒருவர் பகத் சிங் திண்ட் என்கிற பஞ்சாபி. (நம்ம பகத்சிங் வேறு, இவர் வேறு.) 1913-இல் போனார். முதல் உலகப் போரின்போது அமெரிக்க ராணுவத்திலேயே சேர்ந்தார். குடியுரிமை கேட்டார். அன்றைய சட்டப்படி குடியேறியவர்களில் 'வெள்ளையர்', ஆப்பிரிக்க வம்சாவளியினர் ஆகியோர் மட்டுமே குடிமக்கள் ஆகலாம். 1922 நவம்பரில் ஒரு ஜப்பானியர் வழக்கில், 'வெள்ளையர் என்றால் காக்கேசிய இனத்தார்' என்று உச்ச நீதிமன்றம் எழுதியது. திண்ட் சந்தோஷப்பட்டார். வட இந்தியரைக் காக்கேசியர் என்று அன்றைய இனநூல்களே எழுதியிருந்தன. மூன்றே மாதத்தில், 1923 பிப்ரவரியில், அதே நீதிமன்றம், அதே நீதிபதி சதர்லாண்டு கையால், 'இனநூல் சொல்வது செல்லாது, சாதாரண மனிதன் யாரை வெள்ளையன் என்று நினைக்கிறானோ அவனே வெள்ளையன்' என்று எழுதி வழக்கைத் தள்ளியது. இப்படிக் கட்சி மாற எதிர்த்தரப்பு வக்கீலுக்கே தைரியம் வராது! அந்த நீதிபதியே இங்கிலாந்தில் பிறந்து குடியேறியவர் என்பது இன்னொரு வேடிக்கை.

திண்டின் வாதத்தையும் சொல்லணும். 'நான் ஆரியன், உயர்சாதி. எங்கள் ஊரிலும் நாங்கள் கீழே உள்ளவர்களோடு கலப்பதில்லை' என்பது அதில் ஒரு பகுதி. வெள்ளையருக்கு மட்டும் என்ற சட்டமே அநியாயம் என்று அவர் சொல்லவில்லை. அந்த வேலிக்குள் தனக்கு ஓர் இடம் கேட்டார். தோல் பதனிடும் ஊரில் பிறந்தவன் நான். தோலைத் தொட்ட கையை யார் எப்படிப் பார்த்தார்கள் என்று தெரிந்தவன். அந்த வரிகளைப் படித்தபோது அவர் தோற்றதற்கு வருத்தப்படுவதா வேண்டாமா என்றே தெரியவில்லை. இயன் ஹேனி லோபஸ் எழுதிய 'ஒயிட் பை லா' (1996) என்ற புத்தகத்தில் இப்படிப்பட்ட வழக்குகள் வரிசையாக இருக்கின்றன. பட்டியலில் முதல் புத்தகம் அது.

வேலிக்கு வெளியே தள்ளப்பட்ட பஞ்சாபிகள் என்ன செய்தார்கள்? கலிபோர்னியாவில் நிலம் வாங்கச் சட்டம் விடவில்லை. ஊரிலிருந்து மனைவியை அழைத்துவர வழியில்லை. வெள்ளைக்காரப் பெண்ணைக் கட்டவும் சட்டம் தடை. பக்கத்து வயலில் பருத்தி எடுத்துக்கொண்டிருந்த மெக்சிக்கோ குடும்பத்துப் பெண்களைக் கட்டினார்கள். வீட்டில் ஸ்பானிஷ், பிள்ளைகளுக்கு மாதாகோவில், குடும்பப் பெயர் மட்டும் சிங்! கேரன் லெனார்டு என்கிற அம்மையார் 1992-இல் இவர்களைப் பற்றி ஒரு முழுப் புத்தகமே எழுதியிருக்கிறார், 'மேக்கிங் எத்னிக் சாய்சஸ்' என்று. நம்ம நண்பர் கேட்ட 'மெக்சிக்கோக்காரன் கதை' அங்கேயே நம்ம கதையோடு ஒரே கூரைக்குக் கீழே வந்துவிட்டது.

1946-இல் கதவு விரல் நுழைகிற அளவு திறந்தது: இந்தியாவுக்கு வருஷத்துக்கு 100 பேர். பஸ்ஸில் ஏற்றினால் இரண்டு பஸ். பிறகு 1965 அக்டோபர் 3-ஆம் தேதி ஜனாதிபதி ஜான்சன் சுதந்திர தேவி சிலையடியில் உட்கார்ந்து கையெழுத்துப் போட்டார். பிறந்த நாட்டை வைத்துப் போட்ட பழைய ஒதுக்கீடு ஒழிந்தது. ஒரு நாட்டுக்கு 20,000 விசா வரை. வேலூரில் படித்த டாக்டர்கள் போனார்கள், என்ஜினீயர்கள் போனார்கள், இப்போது பணம் அனுப்பியிருக்கும் நம் நண்பர்கள் போனார்கள். அதைப் பரிசாக நாம் வாங்கவில்லை. கறுப்பின மக்கள் தெருவில் இறங்கி அடிபட்டு வாங்கிய 1964 சிவில் உரிமைச் சட்டத்தின் காற்று அடித்த நேரத்தில்தான் இதுவும் வந்தது.

இதுவரைக்கும் பலருக்கும் தெரியும். அதே சட்டத்தின் மறுபக்கத்தைப் பாருங்க. அதற்கு முன் மெக்சிக்கோவிலிருந்து வருகிறவர்களுக்கு எண்ணிக்கை வரம்பே கிடையாது. 1942-லிருந்து 1964 வரை 'பிரசேரோ' என்ற ஒப்பந்தத் திட்டத்தில், அறுவடைக்கு ஆள் வேண்டும் என்று அமெரிக்காவே அழைத்துப் போட்ட ஒப்பந்தங்கள் 45 லட்சத்துக்கு மேல். 1964-இல் திட்டம் முடிந்தது. 1965 சட்டம் முதல்முறையாக மேற்கு அரைக்கோளம் முழுவதற்கும் சேர்த்து 1,20,000 என்று வரம்பு கட்டியது. 1976-இல் மெக்சிக்கோவுக்கும் அதே 20,000. வயல் இருக்கு, பயிர் இருக்கு, முதலாளி இருக்கான், பழகின ஆளும் இருக்கான். காகிதம் மட்டும் இல்லை. நேற்று வரை அழைத்தவனை இன்று 'சட்டவிரோதி' என்றார்கள். மே நிகாய் எழுதிய 'இம்பாசிபிள் சப்ஜெக்ட்ஸ்' (2004) இதைத்தான் சொல்கிறது: அப்படி ஓர் ஆளைச் சட்டமே உண்டாக்குகிறது. நமக்குத் திறந்த கையெழுத்துதான் அவர்களுக்கு மூடியது.

நம் வீட்டுப் பிள்ளைகள் அங்கிருந்து போனில் பேசும்போது, "நாங்க முறைப்படி வந்தோம், அவங்க திருட்டுத்தனமா வந்தவங்க" என்று சொல்வதை நானே கேட்டிருக்கிறேன். முறை என்பதை யார், எந்த வருஷம், யாருக்காக எழுதினார்கள் என்று தெரிந்தால் அந்த வார்த்தை அவ்வளவு சுலபமாக வராது. 2025 பிப்ரவரி 5-ஆம் தேதி அமிர்தசரஸில் ஓர் அமெரிக்க ராணுவ விமானம் வந்து இறங்கியது. உள்ளே 104 இந்தியர்கள், கையில் விலங்கோடு வந்தவர்கள். பலர் மெக்சிக்கோ எல்லை வழியாக நுழைந்தவர்கள். அந்த விமானத்தில் 'அவங்க' யார், 'நாங்க' யார்?

பள்ளிக்கூட வழக்குகளுக்கு வருகிறேன். எனக்கு மிகவும் பிடித்த பகுதி இதுதான், கொஞ்சம் பொறுத்துக்கொள்ளுங்கள். 1944-இல் கலிபோர்னியாவில் வெஸ்ட்மின்ஸ்டர் என்ற ஊர். ஓர் அத்தை தன் பிள்ளைகளையும் அண்ணன் பிள்ளைகளையும் பள்ளியில் சேர்க்கப் போனார். தன் பிள்ளைகள் கொஞ்சம் வெளுப்பு. 'இவங்க சேரலாம்' என்றார்கள். அண்ணன் பிள்ளைகள் மாநிறம், பெயர் மெண்டஸ். 'இவங்க மெக்சிக்கன் ஸ்கூலுக்குப் போகட்டும்' என்றார்கள். அந்த அம்மாள் எல்லாரையும் கூட்டிக்கொண்டு திரும்பிவிட்டார். அண்ணன் கோன்சாலோ மெண்டஸ் வழக்குப் போட்டார். பிள்ளைகளுக்கு இங்கிலீஷ் வராது, அதனால்தான் தனிப்பள்ளி என்றது எதிர்த்தரப்பு. 1946-இல் மெண்டஸ் ஜெயித்தார், 1947-இல் மேல்முறையீட்டிலும் ஜெயித்தார். அந்த வருஷமே கலிபோர்னியாவில் பள்ளிப் பிரிவினைச் சட்டத்தை நீக்கிக் கையெழுத்திட்ட கவர்னர் யார் தெரியுமா? ஏர்ல் வாரன். 1954-இல் பிரவுன் வழக்கில் தீர்ப்புச் சொன்ன அதே தலைமை நீதிபதி!

அடுத்தது டெக்சஸ். முறையாக அனுமதி பெறாத பிள்ளைகளுக்குப் பள்ளிப் பணம் கிடையாது என்று 1975-இல் சட்டம். டைலர் என்ற ஊரில் 1977-இல் அப்படிப்பட்ட ஒவ்வொரு பிள்ளைக்கும் 1,000 டாலர் கட்டு என்றார்கள். நான்கு குடும்பங்கள் பெயரை மறைத்து வழக்குப் போட்டன. யார் கண்ணிலும் படக்கூடாது என்று நீதிபதி விடியற்காலை 6 மணிக்கு விசாரணை வைத்தார். பிடித்து அனுப்பிவிடுவார்களோ என்று சட்டி பானையெல்லாம் காரில் ஏற்றிக்கொண்டு கோர்ட்டுக்கு வந்தார்களாம் பெற்றோர். 1982 ஜூன் 15-ஆம் தேதி, ஐந்துக்கு நான்கு என்ற ஒரே ஓட்டில், உச்ச நீதிமன்றம் பிள்ளைகள் பக்கம் தீர்ப்பளித்தது. பெற்றோர் செய்ததற்குப் பிள்ளையைத் தண்டிக்காதே என்பது சாரம். பிரதிவாதியாக இருந்த பள்ளி அதிகாரி பிளைலர், தோற்றதே நல்லதாப்போச்சு என்று பின்னாளில் சொன்னார். மைக்கேல் ஒலிவாஸ் எழுதிய புத்தகத்தில் (2012) இந்த வழக்கின் முழு விவரம் இருக்கிறது.

"அது டெக்சஸ், இங்கே என்ன?" என்பீர்கள். 2019-இல் மாவட்டத்தை மூன்றாகப் பிரித்துவிட்டார்கள். ஆம்பூரும் வாணியம்பாடியும் திருப்பத்தூர் மாவட்டம், ராணிப்பேட்டை தனி மாவட்டம். ஆனால் தோல் ஷாப்பும் ஷூ கம்பெனியும் அப்படியேதான் இருக்கின்றன. இன்று அங்கே வேலைக்கு வருகிறவர்களில் வடமாநிலத்துக் குடும்பங்களும் உண்டு. பிள்ளையோடு வந்த ஒரு தகப்பனை, டி.சி. இல்லை, பிறப்புச் சான்றிதழ் இல்லை என்று ஒரு பள்ளியில் திருப்பி அனுப்பினார்கள். அவர் என்னிடம் வந்தார். 2009 கல்வி உரிமைச் சட்டம் 5-ஆம் பிரிவு, டி.சி. தாமதம் சேர்க்கையை மறுக்கக் காரணமாகாது என்கிறது. 14-ஆம் பிரிவு, வயதுச் சான்று இல்லை என்று மறுக்கக்கூடாது என்கிறது. ஒரு தாளில் எழுதிக் கொடுத்தேன். மறுவாரம் பிள்ளை வகுப்பில் உட்கார்ந்தது. கோர்ட்டுக்கே போகவில்லை. மொழி தெரியாத பிள்ளையை எப்படிப் படிக்க வைப்பது என்பது அடுத்த பிரச்சினை. உருது பேசும் வீட்டில் பிறந்து தமிழில் படித்த நண்பர்கள் இந்த அவையிலேயே இருக்கிறார்கள். அவர்களைக் கேளுங்கள்.

வெளியூர்ச் சட்டம் நமக்கு உதவுமா என்ற சந்தேகம் வேண்டாம். 1996 ஆகஸ்டு 28-ஆம் தேதி வேலூர் குடிமக்கள் நல மன்றம் வழக்கில், மாசுபடுத்தியவனே ஈடு கட்ட வேண்டும் என்ற சர்வதேசக் கொள்கையை நீதிபதி குல்தீப் சிங் நம் நாட்டுச் சட்டத்தில் ஒரு பகுதி என்றார். பாலாற்றுக்காக வந்த வழக்கு அது. பாலாறு எவ்வளவு சுத்தமாச்சு என்பது வேறு பேச்சு. அதைப் பேசினால் பிரியாணி ஆறிவிடும்.

கடைசியாக ஒன்று. ரொடோல்போ அகூன்யா எழுதிய 'ஆக்குபைடு அமெரிக்கா' (1972) என்ற வரலாற்று நூலும் பட்டியலில் இருக்கிறது. 2010-இல் அரிசோனா மாநிலம் போட்ட ஒரு சட்டத்தால் டூசான் நகரப் பள்ளிகளில் மெக்சிக்க-அமெரிக்க வரலாற்று வகுப்புகள் நின்றன. 2012-இல் இந்தப் புத்தகம் உள்பட ஏழு புத்தகங்களைப் பெட்டியில் போட்டு வகுப்பறையிலிருந்து எடுத்துப் போனார்கள். 2017-இல் அந்தத் தடை இனத்துவேஷத்தில் பிறந்தது என்று தீர்ப்பெழுதியவர் நீதிபதி வாலஸ் தஷிமா. இரண்டாம் உலகப் போரில் ஜப்பானிய வம்சம் என்பதற்காகவே குடும்பத்தோடு அரிசோனாவில் ஒரு முகாமில் அடைக்கப்பட்ட சிறுவன் அவர்.

பட்டியல் நூலகரிடம் இருக்கிறது. எல்லாம் சேர்த்து ஓர் அலமாரியில் இரண்டு தட்டுக்குக் காணும். தமிழில் ஒரு பக்கச் சுருக்கம் எழுதி ஒவ்வொரு புத்தகத்திலும் ஒட்டும் வேலையை நான் ஏற்கிறேன், கூலி வேண்டாம். சாப்பாட்டுக்குப் பிறகு பொதுக்குழுவில் தீர்மானம் வருகிறது. ஆட்சேபிக்கிற நண்பர்கள் அங்கே வந்து ஆட்சேபியுங்கள், பதில் சொல்லக் காத்திருக்கிறேன்.