வடுவையும் வலியையும் மறைக்காத பத்மா லட்சுமி



அமெரிக்கத் தொலைக்காட்சியில் ஒரு சமையல் போட்டி நிகழ்ச்சி. பெயர் 'டாப் செஃப்'. அதை 2006 முதல் 2023 வரை நடத்தியவர், நடுவராகவும் அமர்ந்தவர், சென்னையில் பிறந்த ஒரு தமிழ்ப் பெண். அவர்தான் பத்மா லட்சுமி. அதற்கு முன் அவர் விளம்பர அழகி, பிறகு நடிகை, அதன் பிறகு சமையல் நூலாசிரியர். எழுத்தாளர் சல்மான் ருஷ்டியின் முன்னாள் மனைவி என்று மட்டுமே அவரைத் தெரிந்து வைத்திருப்பவர்களும் உண்டு. அந்தத் திருமணம் 2004-இல் நடந்தது, 2007-இல் முறிந்தது. அவர் வாழ்க்கையில் அது ஒரு சிறு பகுதிதான்.

அந்த அம்மாளின் கதை கிள்ளான் பள்ளத்தாக்கில் இருக்கும் நமக்கு எதற்கு? அழகுக் குறிப்பு சொல்வதற்கு அல்ல. நம் வீடுகளில் பெண் பிள்ளைகளிடம் அடிக்கடி சொல்லப்படும் ஒரு வார்த்தை உண்டு. "வெளியில சொல்லாதே." பெயரைச் சொல்லாதே, தழும்பைக் காட்டாதே, வயிற்று வலியைப் பற்றிப் பேசாதே. இந்த ஒரு வார்த்தை ஒரு பெண்ணின் வாழ்நாளில் எத்தனை ஆண்டுகளைத் தின்று விடுகிறது என்பதற்குப் பத்மா லட்சுமியின் வாழ்க்கை ஒரு கணக்குப் புத்தகம்.

பெசன்ட் நகர் பாட்டி வீடு

பத்மா பிறந்தது 1970 செப்டம்பர் 1. அவருக்கு இரண்டு வயதாக இருக்கும்போதே பெற்றோர் மணவிலக்குப் பெற்றனர். அந்தக் காலத்தில், அந்தச் சமூகத்தில், மணவிலக்குப் பெற்ற பெண்ணை ஊர் எப்படிப் பார்த்திருக்கும் என்று விளக்க வேண்டியதில்லை. தாயார் விஜயா ஒரு தாதி. குழந்தையைத் தம் பெற்றோரிடம் விட்டுவிட்டு அவர் அமெரிக்காவுக்கு வேலைக்குப் போனார். நான்கு வயதில் பத்மாவும் நியூயார்க் போய்ச் சேர்ந்தார். ஆனால் விடுமுறைக்கு விடுமுறை சென்னை பெசன்ட் நகருக்கு, தாத்தா பாட்டியிடம் வந்துவிடுவார். பாட்டியின் அடுப்படியில் உட்கார்ந்து கற்றதுதான் பிற்காலத்தில் அவருக்குச் சோறு போட்டது.

பிறகு குடும்பம் கலிபோர்னியாவில் லா புவென்டே என்ற ஊருக்குக் குடிபெயர்ந்தது. மெக்சிக்கோ வம்சாவளியினர் நிறைந்த ஊர். கறுத்த நிறம், நெட்டையான உடம்பு, வாயில் நுழையாத பெயர். பள்ளியில் கேலிக்குக் குறைவில்லை. அதனால் உயர்நிலைப்பள்ளிக் காலத்தில் அவர் தம் பெயரையே 'ஆஞ்சலிக்' என்று மாற்றிக்கொண்டார். பத்மா, பார்வதி, லட்சுமி என்று மூன்று தெய்வப் பெயர்களைக் கொண்ட பெண், அவற்றில் ஒன்றையும் வெளியே காட்டத் துணியவில்லை. பள்ளியில் கேலிக்குப் பயந்து பெயரைச் சுருக்கிக்கொள்ளும் பிள்ளைகள் நம் ஊரில் இல்லையா என்ன?

கோயிலிலிருந்து திரும்பும் வழியில்

அவருக்கு 14 வயதானபோது ஸ்டீவன்ஸ்-ஜான்சன் என்ற கடுமையான நோய் வந்தது. தோலும் வாயும் கண்ணும் வெந்து புண்ணாகும் நோய். மருத்துவமனையில் கிடந்து பிழைத்தார். பிள்ளை பிழைத்ததற்கு நன்றி சொல்லக் குடும்பத்தோடு மலிபுவில் உள்ள இந்துக் கோயிலுக்குப் போனார்கள். திரும்பி வரும் வழியில் கார் நெடுஞ்சாலையை விட்டுப் பாய்ந்து பள்ளத்தில் மரத்தில் மோதியது. பத்மாவுக்கு இடுப்பு எலும்பு முறிந்தது. வலது கை நொறுங்கியது. அறுவைச் சிகிச்சை செய்து கையைக் காப்பாற்றினார்கள். முழங்கைக்கு மேலே ஏழு அங்குல நீளத்துக்குத் தடித்த தழும்பு நிலைத்துவிட்டது.

ஒரு தமிழ்த் தாயின் இடத்திலிருந்து யோசித்துப் பாருங்கள். பெண் பிள்ளையின் கையில் ஏழு அங்குலத் தழும்பு! "நாளைக்குப் பெண் பார்க்க வருகிறவர்கள் என்ன சொல்வார்கள்?" என்பதுதானே முதல் கவலை? பத்மாவும் பல ஆண்டுகள் நீளக் கை சட்டைக்குள் அதை ஒளித்து வைத்தார்.

கல்லூரியில் நாடகக் கலையும் அமெரிக்க இலக்கியமும் படித்தார். படிப்பின் ஒரு பகுதியாக ஸ்பெயின் நாட்டு மாட்ரிட் நகரில் இருந்தபோது, 21 வயதில், ஒரு விளம்பர முகவரின் கண்ணில் பட்டார். மாடல் அழகியானார். அந்தச் சம்பளத்தில் கல்லூரிக் கடனை அடைத்தார். பாரிஸ், மிலான், நியூயார்க் மூன்றிலும் தொழில் செய்த முதல் இந்திய மாடல் தாமே என்று அவர் சொல்வதுண்டு. ஆனால் தழும்பு? ஒப்பனைக்காரர்கள் அதன் மீது சாயம் பூசி மூடிக்கொண்டிருந்தார்கள்.

அப்போதுதான் ஹெல்முட் நியூட்டன் என்ற பெயர்பெற்ற புகைப்படக் கலைஞர் வந்தார். அவருக்கு அந்தத் தழும்பு தெரிய வேண்டும். அதற்காகவே பத்மாவைப் படம் எடுத்தார். எதைக் குறை என்று பூசி மறைத்தார்களோ அதுவே அவருடைய அடையாளமாயிற்று. வாய்ப்புகளும் கூடின. இன்று வரை அவர் கையில்லாத உடையில் மேடை ஏறுகிறார். தழும்பு அப்படியே தெரிகிறது.

நடிப்பு கைகொடுத்ததா?

உண்மையைச் சொல்வதானால், நடிகையாக அவர் பெரிய உயரத்தைத் தொடவில்லை. இத்தாலியத் தொலைக்காட்சியில் தொகுப்பாளராகவும் நடிகையாகவும் இருந்தார். 2001-இல் 'கிளிட்டர்' என்ற ஹாலிவுட் படம். படுதோல்வி. 2003-இல் அமிதாப் பச்சன் நடித்த 'பூம்' என்ற இந்திப் படம். அதுவும் ஓடவில்லை. 2005-இல் ஐஸ்வர்யா ராய் நடித்த 'மிஸ்ட்ரஸ் ஆஃப் ஸ்பைசஸ்' படத்தில் ஒரு துணை வேடம். 2006-இல் 'டென் கமாண்ட்மெண்ட்ஸ்' தொலைக்காட்சித் தொடர். அவ்வளவுதான்.

அவரைத் தூக்கி நிறுத்தியது அடுப்படி. இத்தாலியில் ஒரு வேடத்துக்காக உடம்பைப் பருக்க வைத்தார். பிறகு இளைப்பதற்காகத் தாமே சமைத்த பதார்த்தங்களைத் தொகுத்து 1999-இல் 'ஈசி எக்சாட்டிக்' என்ற சமையல் நூலாக வெளியிட்டார். முதல் நூலுக்கான அனைத்துலகப் பரிசு அதற்குக் கிடைத்தது. அதிலிருந்து உணவுத் தொடர்கள், அதிலிருந்து 'டாப் செஃப்'. 2010-இல் அந்த நிகழ்ச்சி எம்மி விருதைத் தட்டிச் சென்றது. 2020-இல் 'டேஸ்ட் தி நேஷன்' என்று சொந்தத் தொடர். குடியேறியவர்களின் உணவைத் தேடி ஊர் ஊராகப் போகும் தொடர் அது. அதில் தோசைக்கென்றே ஒரு பாகம் உண்டு. பிரிக்பீல்ட்ஸில் நாம் சாதாரணமாகப் பிய்த்துச் சாப்பிடும் அதே தோசைதான்!

23 ஆண்டு வலி

இனி வருவதுதான் இந்த உரையின் உயிர்.

பத்மாவுக்கு 13 வயதில் மாதவிலக்கு தொடங்கியது. அன்று முதல் மாதந்தோறும் படுக்கையில் சுருண்டு கிடக்கும் அளவுக்கு வலி. அவருடைய தாயாருக்கும் அப்படித்தான் இருந்திருக்கிறது. இது பெண்களுக்கு விதிக்கப்பட்டது, பொறுத்துக்கொள்ள வேண்டும் என்றே தாயும் நம்பினார், மகளும் நம்பினார். இத்தனைக்கும் தாயார் ஒரு தாதி! மருத்துவமனையில் வேலை செய்த தாய்க்கே அது ஒரு நோயாக இருக்கலாம் என்று தோன்றவில்லை என்றால், மற்ற வீடுகளைப் பற்றிக் கேட்க வேண்டுமா?

அது நோய்தான் என்று தெரிய வந்தது 2006-இல், அவருக்கு 36 வயதானபோது. நோயின் பெயர் எண்டோமெட்ரியோசிஸ். கருப்பையின் உட்புறத்தில் இருக்கும் சவ்வைப் போன்ற திசு, கருப்பைக்கு வெளியே, சினைப்பையிலும் குடலைச் சுற்றியும் வளர்கிறது. மாதந்தோறும் அங்கே வீக்கமும் புண்ணும் உண்டாகின்றன. உறுப்புகள் ஒன்றோடொன்று ஒட்டிக்கொள்ளவும் செய்யும். சிலருக்குக் கருத்தரிப்பதும் தடைபடும்.

கணக்குப் போடுங்கள். 13 வயதிலிருந்து 36 வரை 23 ஆண்டுகள். மாதத்துக்கு ஒரு வாரம் என்று வைத்தால் ஆண்டுக்கு 84 நாள். 23 ஆண்டுக்கு 1,932 நாள். ஐந்து ஆண்டுக்கும் மேல் ஒரு பெண் வலியில் கிடந்திருக்கிறார். பணம் இருந்தது, புகழ் இருந்தது, நியூயார்க்கின் மருத்துவர்கள் இருந்தார்கள். இல்லாதது ஒன்றுதான். "இது சாதாரணமில்லை, பரிசோதிக்க வேண்டும்" என்று சொல்ல ஓர் ஆள் இல்லை.

அறுவைச் சிகிச்சைக்குப் பிறகு அவர் சும்மா இருக்கவில்லை. தமக்குச் சிகிச்சை அளித்த டாக்டர் தாமெர் செச்கினோடு சேர்ந்து 2009-இல் அமெரிக்க எண்டோமெட்ரியோசிஸ் அறவாரியத்தைத் தொடங்கினார். பள்ளி மாணவியருக்கு இந்த நோயைப் பற்றிச் சொல்லித் தருவது அதன் பணிகளில் ஒன்று. பிள்ளை பிறப்பது கடினம் என்று எச்சரிக்கப்பட்டவருக்கு 2010 பிப்ரவரியில் பெண் குழந்தை பிறந்தது. தாத்தா கிருஷ்ணமூர்த்தியின் நினைவாகக் கிருஷ்ணா என்று பெயர் வைத்தார்.

அவர் மூடி வைத்திருந்தது உடல் வலியை மட்டுமல்ல. 16 வயதில் தமக்கு நேர்ந்த பாலியல் வன்கொடுமையை 2018-இல் நியூயார்க் டைம்ஸ் நாளிதழில் எழுதினார். அதே கட்டுரையில் இன்னொன்றும் இருந்தது. ஏழு வயதில் ஓர் உறவினர் தகாத முறையில் தொட்டதை வீட்டில் சொன்னபோது, குழந்தையைத்தான் ஓராண்டு இந்தியாவுக்கு அனுப்பினார்கள். வாய் திறந்தால் நாம்தான் விலக்கப்படுவோம் என்ற பாடத்தை அந்தக் குழந்தை அன்று கற்றுக்கொண்டது. அதனால்தான் 16 வயதில் நடந்ததை 32 ஆண்டுகள் பூட்டி வைத்தது. சொன்ன பிள்ளையை அனுப்பிவிட்டு, செய்தவனை விட்டுவிடும் வழக்கம் அமெரிக்காவில் மட்டுமா இருக்கிறது?

நம் வீட்டுப் பெண் பிள்ளைகள்

உலகச் சுகாதார நிறுவனத்தின் கணக்குப்படி, பிள்ளை பெறும் வயதில் உள்ள பெண்களில் ஏறக்குறைய பத்து விழுக்காட்டினருக்கு, அதாவது சுமார் 19 கோடிப் பேருக்கு, இந்த நோய் இருக்கிறது. அப்படியானால் 30 மாணவியர் உள்ள வகுப்பில் மூவருக்கு இருக்கலாம், அல்லது பின்னாளில் வரலாம்.

மாதத்தில் இரண்டு நாள் பள்ளிக்கு வராத மாணவியை ஆசிரியர் என்ன கேட்கிறார்? அவள் என்ன சொல்கிறாள்? "காய்ச்சல் டீச்சர்" என்கிறாள். தொழிற்சாலையில் வேலை செய்யும் பெண் எம்.சி. எடுக்கும்போது "தலைவலி" என்கிறாள். வீட்டிலோ, "எனக்கும் இப்படித்தான் இருந்துச்சு, கல்யாணமானா சரியாயிடும்" என்கிறார் அம்மா. "ஒரு பிள்ளை பெத்தா எல்லாம் போயிடும்" என்கிறார் பாட்டி. தாய்மார்களே, திருமணம் இந்த நோய்க்கு மருந்தல்ல. பிள்ளைப்பேறும் இதைக் குணப்படுத்துவதில்லை.

மாதவிலக்கு வலி எல்லாமே இந்த நோய் ஆகிவிடாது. பயப்படத் தேவையில்லை. ஆனால் வலியால் பள்ளிக்கோ வேலைக்கோ போக முடியவில்லை, மாத்திரைக்கும் அடங்கவில்லை, மாதத்துக்கு மாதம் கூடுகிறது, மலம் கழிக்கும்போதும் வலிக்கிறது என்றால் மருத்துவரைப் பார்த்தே ஆக வேண்டும். அரசாங்கச் சுகாதாரக் கிளினிக்கில் நம் குடிமக்களுக்கு ஒரு வெள்ளிதான் கட்டணம். தேவைப்பட்டால் அங்கிருந்து கிள்ளான் தெங்கு அம்புவான் ரஹிமா போன்ற மருத்துவமனையின் பெண்கள் நலச் சிறப்பு மருத்துவரிடம் கடிதம் கொடுத்து அனுப்புவார்கள். நோயை முற்றாக ஒழிக்கும் மருந்து இன்னும் இல்லை. ஆனால் வலியை அடக்க மாத்திரை உண்டு, ஹார்மோன் சிகிச்சை உண்டு, அறுவைச் சிகிச்சை உண்டு.

போகும்போது ஒரு சிறு புத்தகத்தில் குறித்துக்கொண்டு போங்கள். வலி எந்தத் தேதியில் தொடங்கியது, எத்தனை நாள் இருந்தது, எங்கே வலித்தது, எத்தனை மாத்திரை போட்டது. மூன்று மாதக் குறிப்பு கையில் இருந்தால், "எல்லாப் பெண்களுக்கும் இருக்கிறதுதானே" என்று யாரும் எளிதில் தட்டிக் கழிக்க முடியாது.

தந்தையர்களும் இதைக் கேட்க வேண்டும். மகளுக்குக் காய்ச்சல் என்றால் வேலையைப் போட்டுவிட்டுக் கிளினிக்குக்கு ஓடுகிறோம். இந்த வலி என்றால் மட்டும் "அம்மாவிடம் சொல்" என்று செய்தித்தாளைப் பிரித்துக்கொள்கிறோம். அதுவும் அவளுடைய வலிதான்.

பத்மா லட்சுமியின் அழகும் பணமும் நம் பிள்ளைகளுக்கு வாய்க்காமல் போகலாம். அவர் இழந்த 23 ஆண்டுகளை நம் பிள்ளைகள் இழக்காமல் பார்த்துக்கொள்வது நம் கையில் இருக்கிறது. இன்று இரவு வீட்டுக்குப் போனதும் மகளைப் பக்கத்தில் உட்கார வைத்துக் கேளுங்கள். "உனக்கு எவ்வளவு வலிக்குதும்மா?" அவள் பதில் சொல்லும்போது குறுக்கே பேசாமல் கேளுங்கள்.