ஒரு மனிதர், இரு வழக்குகள்

(புசல்லாவையில் இளைஞர்கள் நடத்திய திரைப்பட விழாவின் நிறைவில் ஆற்றிய உரை)



சற்றுமுன் வெண்திரையில் 'அச்சூத் கன்யா' கண்டோம். 1936இல் பம்பாயில் எடுக்கப்பட்ட இந்திப் படம். பார்ப்பனக் குடும்பத்து இளைஞன் பிரதாப்பும், இரயில் கடவைக் காவலாளியின் மகளான தீண்டப்படாத கஸ்தூரியும் ஒருவரையொருவர் விரும்புகின்றனர். ஊர் அவர்களைப் பிரிக்கிறது. முடிவில் கஸ்தூரி இரயிலுக்கு இரையாகிறாள். மொழி புரியாத தாய்மாரும் கண் கலங்கினர். வியப்பு யாதெனில், இதை இயக்கியவரும் இந்தி அறியாதவரே! அவர் ஜெர்மானியர், பெயர் பிரான்ஸ் ஆஸ்டன்.

1876இல் மியூனிக் நகரில் பிறந்தவர் அவர். ஒளிப்படக் கலை பயின்று, உடன்பிறந்தார் பீட்டர் ஆஸ்டர்மையருடன் திரைத்தொழிலில் இறங்கினார். என்னைப்போல் சட்டம் படித்து, ஆனால் என்னைப்போல் அதிலேயே தங்கிவிடாத வங்காளி இமான்சு ராய், இந்தியக் கதைகளை ஐரோப்பியக் கருவிகொண்டு படமாக்க எண்ணி மியூனிக் சென்றார். அதன் விளைவே 1925இல் வந்த 'லைட் ஆஃப் ஏசியா' என்னும் புத்தர் வரலாறு. எட்வின் ஆர்னால்டின் எந்த நூலைத் தழுவிக் கவிமணி தமிழில் 'ஆசிய ஜோதி' பாடினாரோ, அதே நூல்தான் இப்படத்திற்கும் அடிப்படை. இராயே புத்தராக நடித்தார். பின்னர் தாஜ்மகால் கதையான 'ஷிராஸ்' 1928இலும், சூதாட்டக் கதையான 'பிரபஞ்ச பாஷ்' 1929இலும் வந்தன.

1934இல் இராயும் தேவிகா ராணியும் பாம்பே டாக்கீஸ் நிறுவனத்தைத் தொடங்கினர். ஒளிப்பதிவாளர் ஜோசப் விர்ஷிங் முதலிய ஜெர்மானியருடன் ஆஸ்டன் அங்கு வந்தார். 'அச்சூத் கன்யா'வின் கதை நிரஞ்சன் பாலுடையது. இசை சரஸ்வதி தேவியுடையது. கஸ்தூரியாக நடித்தவர் தேவிகா ராணி. அத்தனை பேருடைய உழைப்பையும் ஒரு படமாக இணைத்தவர் ஆஸ்டன்.

தோழர்களே! இனித்தான் கசப்பு. பிறப்பால் ஒருத்தியைத் தாழ்த்துவது கொடுமை என்று படம் எடுத்த அதே 1936இல், பிறப்பால் யூதரைத் தாழ்த்திய இட்லரின் நாஜிக் கட்சியில் அவர் உறுப்பினரானார்! 1939இல் போர் மூண்டதும் ஆங்கில அரசு அவரைச் சிறைப்படுத்தியது. முதுமை கருதி விடுவிக்கப்பட்டு, 1940இல் ஜெர்மனி திரும்பினார். 1956இல் மறைந்தார்.

என்ன தீர்ப்புச் சொல்வது? "படத்தைக் கொளுத்து" என்பர் சிலர். "கலைஞனுக்கு அரசியல் ஏன், விட்டுவிடு" என்பர் சிலர். இரண்டையும் நான் ஏற்கேன். இவை இரு வழக்குகள். ஒன்றின் சான்றைக் கொண்டு மற்றொன்றைத் தீர்ப்பது முறையன்று. படம் நன்று; அது வாழட்டும். உறுப்பினர் அட்டை குற்றம். படத்தின் புகழ் அதற்கு மன்னிப்பாகாது.

ஆயின், ஆஸ்டனைக் கூண்டில் ஏற்றிவிட்டு நாம் நிம்மதியாக வீடு திரும்பலாமா? ஒரே கொழுந்து, ஒரே பெரட்டு, ஒரே லயம் என்கிறோம். கஸ்தூரிக்காகக் கண்ணீர் வடிக்கிறோம். மகளுக்கு மணப்பேச்சு வந்ததும், "அவர்கள் என்ன ஆட்கள்?" என்று காதோடு கேட்கிறோமே, அந்தக் கேள்வி எந்தக் கட்சியின் அட்டை? நானும் மேடையில் சமத்துவம் முழங்கியவன். என் இல்லத்துத் திருமணப் பேச்சொன்றில் அக்கேள்வி எழுந்தபோது வாய் மூடி அமர்ந்திருந்தேன். அந்த மௌனத்திற்கு என்னிடம் எதிர்வாதம் இல்லை.

ஆஸ்டனின் கைகள் செய்ததை அவர் நெஞ்சு கற்கவில்லை. கண்ணீர் எளிது, தோழர்களே. கஸ்தூரியை மருமகளாக வரவேற்பதே அரிது. அடுத்த மணப்பேச்சில் நான் வாய் திறப்பேன். நீங்களும் திறப்பீர்களாக!