ஒற்றைப் புதரும் அதன் மண்ணும்

அருகிவரும் தாவரங்களின் பாதுகாப்பை ஆராயக் கூடியிருக்கும் இக்கருத்தரங்கின் தொடக்கத்தில் அவையோர் எண்ணிப் பார்க்கத் தக்கது, அமெரிக்காவின் சான்பிரான்சிஸ்கோ நகரில் சாலையோரத்தில் கண்டறியப்பட்ட ஒரே ஒரு புதரின் வரலாறாகும். பிரான்சிஸ்கன் மன்சனிடா எனப்படும் அது பசுமைமாறாப் புதர், அதாவது ஆண்டு முழுவதும் இலையோடு நிற்கும் குறுஞ்செடி. அந்நகரின் எல்லைக்கு வெளியே அது இயற்கையாக வளர்ந்ததாகப் பதிவில்லை. இவ்வாறு ஒரு சிறு நிலப்பகுதிக்கே உரிய இனத்தை அகணிய இனம் என்பர்.

நீலகிரியின் காட்டுப்பூவரசு அடங்கிய எரிக்கேசியே குடும்பத்தைச் சேர்ந்த இச்செடிக்குக் குளிர்காலத்திலிருந்து இளவேனில் வரை கொத்துக்கொத்தாகப் பூக்கள் தொங்கும். ஒவ்வொரு பூவும் வாய் குறுகிய சிறு குடத்தைக் கவிழ்த்தாற்போன்றது. அதனுள்ளிருக்கும் மகரந்தப்பை நெடுக வெடிக்காமல் நுனித் துளை வழியாகவே மகரந்தத்தை விடுவதால், பம்பிள் தேனீ பூவைப் பற்றிக்கொண்டு தன் பறப்புத் தசைகளை அதிரச் செய்து அதனை உதிர்த்துக்கொள்கிறது. செடி வேரூன்றும் செர்பென்டைன் மண்ணோ கால்சியம் குறைந்து, மக்னீசியமும் நிக்கலும் மிகுந்து, பெரும்பாலான பயிர்கள் நோஞ்சானாய்ப் போகும் மண்ணாகும்.

ஆலிஸ் ஈஸ்ட்வுட் என்னும் தாவரவியலாளர் 1905இல் இதற்கு அறிவியல் பெயரிட்டார். நகரம் பெருகப் பெருகக் குன்றுகள் வீட்டுமனைகளாயின. இறுதிப் புகலிடமாயிருந்த லாரல் ஹில் இடுகாடும் 1947இல் மண்வாரி எந்திரங்களுக்கு இரையானபோது, தோண்டியெடுத்துத் தோட்டங்களுக்குக் கொண்டுசெல்லப்பட்ட சில செடிகளே எஞ்சின. இறந்தோருக்கு ஒதுக்கிய நிலம்தான் அதுவரை இச்செடியை உயிரோடு வைத்திருந்தது என்பது கருதத் தக்கது. அதன்பின் காட்டில் அற்றுப்போனதாகவே அறுபதாண்டுகளுக்கு மேல் கருதப்பட்டுவந்த இவ்வினத்தின் புதர் ஒன்று, கோல்டன் கேட் பாலத்தை அடையும் சாலையைப் புதுப்பிப்பதற்காக மரங்கள் வெட்டப்பட்டபின், 2009 அக்டோபரில் அவ்வழியே காரில் சென்ற சூழலியலாளர் ஒருவரின் கண்ணில் பட்டது. 2010 ஜனவரியில் பல டன் எடையுள்ள தாய்மண்ணோடு அதனைப் பெயர்த்துப் பாரந்தூக்கியால் ஏற்றி, அருகிலுள்ள பிரெசிடியோ பூங்காவில் வேறிடத்தில் நட்டனர்; 2012இல் அது அழிவாபத்துள்ள இனமாகச் சட்டப்படி அறிவிக்கப்பட்டது.

ஒரு புதருக்கு இத்தனை செலவா என்ற கேள்வி எழாமலில்லை. ஆயினும் செலவைக் காட்டிலும் ஆராயத் தக்கது எண்ணிக்கை பற்றிய மயக்கமே. போத்து வெட்டி வேர்விடச் செய்தால் நாற்றங்காலில் நூற்றுக்கணக்கான கன்றுகள் கிடைக்கும். ஆனால் ஒரே தாயின் போத்துகள் எத்தனை இருந்தாலும் மரபு வகையில் அவை ஒரே செடிதான். தாவரத் தோட்டத்தில் விளையும் விதையையும் நம்பிவிட இயலாது; பக்கத்துப் பாத்தியிலுள்ள பிற மன்சனிடா இனங்களோடு இது எளிதில் கலந்துவிடும். ஆதலின் 1947இல் காப்பாற்றப்பட்ட செடிகளின் வழிவந்தவற்றைச் சாலையோரப் புதருக்குத் துணையாக அதற்குரிய மண்ணிலேயே நட்டு வளர்ப்பதுதான் உண்மையான மீட்பாகும்; தொட்டிகளில் பெருக்குவது காப்பீடு மட்டுமே.

இக்கருத்தரங்கில் கட்டுரை படிக்கவிருக்கும் ஆய்வாளர்கள், பாதுகாக்கப்பட்ட செடிகளின் தொகையைக் கூறுமிடத்து, அவை எத்தனை தாய்ச்செடிகளிலிருந்து வந்தவை, எம்மண்ணில் நிற்பவை என்பவற்றையும் உடன் குறிப்பிடுமாறு தலைமை கேட்டுக்கொள்கிறது.