ஆனந்த் பட்வர்தனின் படங்கள்: சில குறிப்புகள்
(கட்சிக் கல்வி வட்டத்தில், திரையிடலுக்கு முன் ஆற்றிய உரை)



இன்று நாம் காணவிருக்கும் ‘ஜெய் பீம் காம்ரேட்’ மூன்று மணி நேரத்திற்கும் மேல் நீளும் ஆவணப்படம். அதை இயக்கிய ஆனந்த் பட்வர்தன் எந்தக் கட்சியின் கட்டளைக்கும் படமெடுத்தவர் அல்லர். நம்மையும் அவர் கேள்வி கேட்கிறார்.

1974ஆம் ஆண்டின் பீகார் மாணவர் இயக்கத்தைப் படம்பிடித்து அவர் தம் பணியைத் தொடங்கினார். அவ்வியக்கம் குறித்து இடதுசாரிகளிடையே அன்று ஒத்த கருத்து இருந்ததில்லை என்பதை மூத்த தோழர்கள் அறிவார்கள். அடுத்த ஆண்டே நெருக்கடிநிலை வந்தது. படச்சுருள் துண்டு துண்டாக்கப்பட்டு, நண்பர்கள் கைவழியே நாடு கடந்தது. அதன்பின் அவரது வாழ்க்கையில் பாதி நீதிமன்றப் படிகளிலேயே கழிந்தது எனலாம். அணுகுண்டு வெறியை எதிர்த்த ‘போரும் அமைதியும்’ படத்தில் 21 வெட்டுகள் வேண்டுமென்றது தணிக்கை வாரியம். 2003இல் மும்பை உயர் நீதிமன்றம் வெட்டின்றி வெளியிட வழி செய்தது. ‘தந்தை, மகன், புனிதப் போர்’ படத்தைத் தூர்தர்ஷன் ஒளிபரப்ப வேண்டுமெனத் தீர்ப்புப் பெற 2006 வரை உச்ச நீதிமன்றத்தில் போராட நேர்ந்தது.

இவற்றை வெற்றிகளென்று மட்டும் கொண்டாடுவதற்கில்லை. ‘ராம் கே நாம்’ படத்தைக் கருதுங்கள். 1990 ரத யாத்திரையின் தடத்தில் எடுக்கப்பட்டது அது. அயோத்திக் கோயிலுக்கு நீதிமன்றத்தால் அமர்த்தப்பட்டிருந்த பூசாரி லால்தாஸ், இவ்வியக்கம் பக்திக்காக அன்று, பணத்திற்கும் பதவிக்குமே நடப்பது என்று அதில் அஞ்சாமல் எடுத்துரைக்கிறார். படத்துக்குத் தேசிய விருது கிடைத்தது. தூர்தர்ஷனோ ஒளிபரப்ப மறுத்தது. 1992 டிசம்பரில் மசூதி இடிக்கப்பட்டது. 1993இல் லால்தாஸ் சுட்டுக் கொல்லப்பட்டார். நீதிமன்ற ஆணையின் பேரில் படம் ஒளிபரப்பானது 1997இல்! மசூதி நின்றபோது மக்கள் காண வேண்டியதை, இடிந்து நான்காண்டுகள் கழித்துக் காட்டினார்கள்.

அதே 1997 ஜூலையில், மும்பை ரமாபாய் நகரில் அம்பேத்கர் சிலைக்குச் செருப்பு மாலை அணிவிக்கப்பட்டதைக் கண்டித்துத் திரண்ட தலித் மக்கள்மீது காவல்துறை சுட்டது. பத்துப் பேர் மாண்டனர். சில நாட்களில் மக்கள் பாடகர் விலாஸ் கோக்ரே தூக்கிட்டு இறந்தார். சேரிவாழ் மக்களைப் பற்றிய ‘பம்பாய் நமது நகரம்’ படத்தில், 1985இலேயே, அவரது குரல் ஒலித்தது. அந்தப் படத்திலேயே ஏழைப் பெண்ணொருத்தி, எங்களைப் படமெடுத்து நீங்கள் பெயர் சம்பாதிப்பீர்கள், எங்களுக்கு என்ன பயன் என்று இயக்குநரையே சாடுகிறாள். அதையும் அவர் வெட்டவில்லை.

நண்பனின் சாவிலிருந்து புறப்பட்ட தேடல் முடிய 14 ஆண்டுகள் ஆயின. சிவப்புக் கொடியின்கீழ்ப் பாடிய விலாஸ், இறக்கும்போது நெற்றியில் கட்டியிருந்தது நீலத்துணி. ஏன்? வர்க்கம் பேசிய நாம் சாதியை எவ்வளவு தூரம் பேசினோம்? மொழிபெயர்ப்பாளன் என்ற முறையில் ஒன்று சொல்வேன்: ‘ஜெய் பீம்’, ‘காம்ரேட்’ என்ற இரு சொற்களுக்கும் தமிழாக்கம் தேவைப்படவில்லை, ஆனால் அவற்றை ஒரே மூச்சில் சொல்ல நமக்கு நெடுங்காலம் ஆயிற்று.

விலாஸ் ஏன் நீலத்துணி கட்டினார் என்பதிலிருந்தே, படம் முடிந்தபின் விவாதத்தைத் தொடங்குவோம். விளக்கை அணைக்கலாம்.