அட்டவணையில் இல்லாத ஆட்டம்

மேடையில் இருக்கும் பெரியவர்களுக்கும், ஷிப்ட் மாற்றிக்கொண்டும் அரை நாள் லீவு போட்டும் வந்திருக்கும் பெற்றோருக்கும், அங்கிக்குள் வேர்த்துக்கொண்டு உட்கார்ந்திருக்கும் பட்டதாரிகளுக்கும் என் வணக்கம்.

கள்ளிக்குப்பத்தில் பேச வேண்டும் என்று கூப்பிட்டபோதே, லோய்டொங்பம் ஆஷாலதா தேவியைப் பற்றித்தான் பேசுவது என்று முடிவு செய்துவிட்டேன். 1993-இல் இம்பாலில் பிறந்தவர். இந்தியப் பெண்கள் கால்பந்து அணியின் கேப்டனாக இருந்தவர். நம் மதுரை சேது எஃப்.சி.க்கும் ஆடியிருக்கிறார். 2019-இல் நேபாளத்தின் பிராட்நகரில் இந்தியா தெற்காசியக் கோப்பையை வென்றபோது அணியை நடத்தியவர் அவர்தான். அவர் ஆடியது தடுப்பாட்ட வரிசையில்.

நானும் கல்லூரி அணியில் ஸ்டாப்பர் பேக். ஊருக்குத் திரும்பினால் "எத்தனை கோல் போட்டே?" என்பதுதான் முதல் கேள்வி. ஒன்றும் போடவில்லை என்று சொல்லிச் சொல்லி எனக்குப் பழகிப்போனது. பந்து எதிர்ப்பக்கம் இருக்கும்போதுதான் ஸ்டாப்பருக்கு வேலை அதிகம். கழுத்தைத் திருப்பித் திருப்பி, முதுகுப் பக்கம் நழுவி ஓடுகிறவளைப் பார்க்க வேண்டும். மற்ற மூன்று பேக்குகளும் ஒரே கோட்டில் நிற்க "ஏறு, ஏறு" என்று கத்த வேண்டும். முதல் வாரம் முழுக்க எனக்குக் குரலே வரவில்லை. பொம்பளைப் பிள்ளை சத்தம் வாசலைத் தாண்டக் கூடாது என்று வளர்ந்த தொண்டை அது. எட்டாம் நாள் கத்தினேன். மைதானத்துக்கு வெளியே சைக்கிளில் போனவர் இறங்கி நின்று பார்த்தார்.

இனி 2022 ஜனவரி 20-க்கு வருகிறேன். ஆசியக் கோப்பை நம் நாட்டில் நடக்கிறது. நவி மும்பை, டி.ஒய். பாட்டீல் ஸ்டேடியம். அடுத்த ஆண்டு உலகக் கோப்பைக்குப் போக இந்தியாவுக்கு அதுதான் வழி. முதல் ஆட்டம் ஈரானோடு, கேப்டன் ஆஷாலதா. ஆட்டம் 0-0. கோல் போடவில்லையே என்று ரசிகர்கள் நொந்தார்கள். எனக்கு அந்த இரண்டாவது சைபர்தான் கண்ணில் பட்டது. இந்தத் தடுப்பு வரிசை ஒரு கோலும் விடவில்லை.

23-ஆம் தேதி சீன தைபேயோடு ஆட வேண்டும். அணிக்குள் கொரோனா புகுந்துவிட்டது. விதிப்படி தேவையான 13 பேரைக்கூடச் சேர்க்க முடியவில்லை. ஆட்டம் நடக்கவில்லை, இந்தியா போட்டியிலிருந்து விலகியதாக அறிவிக்கப்பட்டது. விலகிய அணி அதுவரை ஆடிய ஆட்டமும் செல்லாது என்பது விதி. ஆகவே ஈரானோடு ஆடிய அந்த ஆட்டம் புள்ளிப் பட்டியலிலிருந்தே அழிக்கப்பட்டது. தொண்ணூறு நிமிடம் ஓடினார்கள், மறித்தார்கள், தொண்டை கிழியக் கத்தினார்கள். பட்டியலில் அது இல்லை.

இது உங்களுக்குத் தெரிந்த கதைதான். உங்களில் பலர் 2021-இல் பத்தாம் வகுப்பு. தேர்வு நடக்கவில்லை. கைக்கு வந்த சான்றிதழில் தேர்ச்சி என்று இருந்தது, மதிப்பெண் இல்லை. வீட்டில் இருந்த ஒரே போனை அண்ணனும் தங்கையும் மாற்றி மாற்றிப் பிடித்து, நெட் கிடைக்க மொட்டை மாடியில் நின்று, கல்வித் தொலைக்காட்சியில் பாடம் கேட்டவர்கள் நீங்கள். அதற்குப் பிறகும் உங்களை "ஆல் பாஸ் பேட்ச்" என்று கேலி பேசினார்கள். அந்தப் பேச்சைக் கேட்கும்போதெல்லாம் எனக்குக் கோபம் வரும். நடக்காத தேர்வுக்கு நீங்களா பொறுப்பு?

லீக் அட்டவணையே இல்லாத காலத்தில் ஆடியவரும் உண்டு. ஆஷாலதாவுக்கு முன்பே ஆட வந்த பெம்பெம் தேவி, நடுகள வீராங்கனை. 1995 முதல் 2016 வரை இந்தியாவுக்காக ஆடினார். அந்த இருபத்தோரு வருஷமும் பெண்களுக்கென்று தேசிய லீக் கிடையாது. லீக் தொடங்கியதும் ஈஸ்டர்ன் ஸ்போர்ட்டிங் யூனியனுக்கு ஆடிக்கொண்டே அணியையும் நிர்வகித்து, 2017-இல் முதல் கோப்பையை வென்று கொடுத்தார். 2020-இல் பத்மஸ்ரீ வந்தது.

ஆஷாலதாவும் நவி மும்பையோடு நின்றுவிடவில்லை. 2024 அக்டோபர் 17, காத்மாண்டு. பாகிஸ்தானை இந்தியா 5-2 என்று வென்றது. அது அவருக்கு நூறாவது சர்வதேச ஆட்டம். நூறைத் தொட்ட முதல் இந்தியப் பெண் அவர். அடுத்த ஜூலையில் சியாங் மாய் நகரில் இந்தியப் பெண்கள் தாய்லாந்தை 2-1 என்று வீழ்த்தி, தகுதிச் சுற்று ஆடியே ஆசியக் கோப்பைக்குள் நுழைந்தார்கள். செய்தி வந்த அன்று இரவு எனக்குத் தூக்கமே வரவில்லை.

இப்போது பெயர் கூப்பிடுவார்கள். ஒவ்வொருவராக மேடைக்கு வருவீர்கள். பட்டத்தை வாங்கும்போது, மதிப்பெண் இல்லாத அந்த வருஷத்தில் நீங்கள் படித்த ஒரு பாடத்தை, ஒரு கணக்கை, யாரிடமாவது கற்றுக்கொண்ட ஒரு கைவேலையை என்னிடம் சொல்லிவிட்டுப் போங்கள். சத்தமாகவே சொல்லுங்கள், கடைசி வரிசையில் இருக்கும் உங்கள் அம்மாவுக்கும் கேட்கட்டும். எத்தனை நேரமானாலும் நான் நின்று கேட்கிறேன்.