தவணையில் மடியும் நீதி



வழக்கில் வென்றவன் கையில் முதலில் கிடைப்பது டிக்கிரி என்னும் தாள் மட்டுமே. தோற்றவன் காணியை விட்டு அகல மறுத்தால், டிக்கிரியை நிறைவேற்றித் தருமாறு வென்றவன் மீண்டும் விண்ணப்பஞ் செய்தல் வேண்டும். நீதியின் இரண்டாம் பயணம் அங்கேதான் தொடங்குகின்றது.

தமிழ்நாட்டில் 1980 களில் எழுந்த ஒரு காணி வழக்கு இத்தகையது. டிக்கிரி கிடைத்தும் காணி கிடைக்கவில்லை. இந்திய உச்ச நீதிமன்றத்திலே இறந்தவரின் வாரிசுகள் நின்று நியாயம் கேட்டனர். 2025 மார்ச் 6 இல் அந்நீதிமன்றம் அவர்களுக்குத் தீர்ப்பளித்ததோடு அமையவில்லை. மாநில மேல்நீதிமன்றங்கள் யாவும் தத்தம் மாவட்ட நீதிமன்றங்களின் நிலுவைக் கணக்கைத் திரட்டி, இத்தகைய விண்ணப்பங்களை ஆறு மாதங்களுள் முடிக்கப் பணித்தல் வேண்டும். தவறின் விசாரிக்கும் நீதிபதியே விடை கூறல் வேண்டும் என்றது.

ஒக்டோபரில் கணக்கு வெளிவந்தது. தீர்ந்தவை 3,38,685; எஞ்சியவை 8,82,578! மேலும் ஆறு மாதங்கள் கொடுக்கப்பட்டன. கட்டளை பயனற்றதென நாம் கூறோம். மூன்று இலட்சத்துக்கு மேற்பட்ட விண்ணப்பங்களை அது தீர்த்து வைத்தது. மறைந்து கிடந்த தொகையையும் வெளிப்படுத்தியது. ஆனால் போதிய நீதிபதிகளும் ஊழியர்களும் இல்லாதவிடத்துக் கட்டளை மட்டும் காணியை மீட்டுத் தராது.

கட்டளைக்குக் காலக்கெடு இல்லாவிடின் நேர்வது யாது? அதனை இலங்கைத் தமிழராகிய நாம் நன்கறிவோம். சிங்களப் பரீட்சையில் தேறாமையாற் சம்பள ஏற்றம் மறுக்கப்பட்ட அரசாங்க எழுதுவினைஞர் கோடீஸ்வரன், 1964 இல் கொழும்பு மாவட்ட நீதிமன்றத்தில் வென்றார். அரச ஊழியர் சம்பளத்துக்காக வழக்காட இயலாதெனக் கூறி, 1967 இல் இலங்கை உயர் நீதிமன்றம் அத்தீர்ப்பை மாற்றியது. வழக்காடலாம் என்று 1969 டிசெம்பரில் இலண்டன் கோமறைக் கழகம் தீர்ப்பளித்தது. மொழிச் சட்டம் அரசியலமைப்பின் 29 ஆம் பிரிவுக்கு முரணா என்னும் வினாவைத் தீர்க்குமாறு வழக்கை உயர் நீதிமன்றத்துக்கே திருப்பியனுப்பியது.

அவ்வினாவுக்கு விடை வரவேயில்லை. 1971 இல் கோமறைக் கழகத்துக்கான மேன்முறையீடு ஒழிக்கப்பட்டது. 1972 மே 22 இல் புதிய அரசியலமைப்பு வந்தது. 29 ஆம் பிரிவு மறைந்தது. தோல்வியுமன்று, வெற்றியுமன்று, காத்திருந்தே ஓர் இனத்தின் வினா மடிந்தது!

ஆதலால் நாம் கேட்பவை மூன்று. மேல்மன்றம் கீழ்மன்றத்துக்கு இடும் ஒவ்வொரு பணிப்பிலும் முடிவுத் திகதி இருத்தல் வேண்டும். நிலுவைக் கணக்கு நீதிமன்றவாரியாக ஆண்டுதோறும் மக்கள்முன் வைக்கப்படல் வேண்டும். பணிப்பை நிறைவேற்றப் போதிய நீதிபதிகளையும் ஊழியர்களையும் அரசாங்கம் நியமித்தல் வேண்டும்.

காலதாமதம் நடுநிலையானதன்று. காணியைப் பற்றி நிற்பவனுக்கும் ஆட்சியைப் பற்றி நிற்பவனுக்குமே அது துணை செய்யும். உரிமை கேட்போர் திகதியையும் கேட்கப் பழகுவோமாக!